நாய்க்குப் பெயர் வந்தது, உனக்கு வரவில்லை

அன்பு மகளுக்கு அப்பா எழுதுவது. நானும் அம்மாவும் நோய் நொடி இல்லாமல் இருக்கிறோம், நீயும் அங்கே நேரத்துக்குச் சாப்பிட்டுத் தூங்கி நன்றாக இருப்பாய் என்று நம்பித்தான் உன்னைத் திட்ட ஆரம்பிக்கிறேன். இது உன் தம்பி எழுதியதில்லை, என் கையெழுத்து. இனிமேல் கடிதமே எழுதலாம் என்று எனக்கு எழுத்துச் சொல்லித்தரும் மாலை வகுப்பு டீச்சர் சொல்லிவிட்டார். வரி மேலே ஏறினால் பொறுத்துக்கொள், சந்தோஷத்தில் ஏறுகிறது.

நீ பாட்டுத் தேடிக் கொடுத்த படத்தை ஞாயிற்றுக்கிழமை தியேட்டரில் பார்த்தோம். கதையில் வரும் அந்த அம்மாள் வீட்டைப் பூட்டிவிட்டுப் பெட்டியோடு தெருவில் நிற்கும் இடம் வந்தது. டைரக்டர் அங்கே வயலின்தான் அழவேண்டும் என்று ஒற்றைக்காலில் நின்றதும், நீ மாதக்கணக்கில் பழைய பாட்டுகளாகக் கேட்டுத் தள்ளி இதைக் கண்டுபிடித்ததும், பாடியவரின் மகள் வீட்டு வாசலில் காத்துக் கிடந்து அனுமதி வாங்கியதும் போனில் சொன்னாயே, அந்த இடம். பாட்டு ஆரம்பித்ததும் இருமிக்கொண்டிருந்தவர்கள்கூட அடங்கிவிட்டார்கள். அம்மா என் கைக்குட்டையைப் பிடுங்கி மூக்கைச் சிந்தினாள். பின் சீட்டுக்காரர், "இந்தப் பாட்ட யாருய்யா தேடிப் புடிச்சது, அவன் காதுக்குத் தங்கத்துல கடுக்கன் போடணும்" என்றார். அம்மா திரும்பி வாயைத் திறந்தாள். நான்தான் "சும்மா இரு, கடைசில பேர் போடுவான், நானே படிச்சுக் காட்டுறேன்" என்று தடுத்து, என் மகள் பெயர் வரும் பாருங்கள் என்று அவரையும் போகாமல் உட்காரவைத்தேன். பெயர்கள் வந்தன. கேமராக்காரர், டீ கொடுத்தவர், வேன் ஓட்டியவர், நாயைப் பழக்கியவர், நாய். ஆமாம், நாய்க்கும் பெயர் போட்டிருந்தான். உன் பெயர் வரவில்லை. அந்த மனிதர், "பரவால்ல பெரியவரே, எல்லாரும் சொல்றதுதானே" என்று என் தோளைத் தட்டிவிட்டுப் போனார்.

நான் மெல்லப் படிக்கிறவன், தவறவிட்டிருப்பேன் என்று நினைத்து மறுநாள் என்னோடு வகுப்பில் படிக்கும் சைக்கிள் கடைக்காரரையும் கூட்டிக்கொண்டு போனேன். இடது பக்கம் எனக்கு, வலது பக்கம் அவருக்கு. பெருக்க வந்தவரை அவர், "படம் இன்னும் முடியல, மறைக்காதய்யா" என்று அதட்டினார். இரண்டு பக்கமும் இல்லை. என் மேல் இருந்த கோபம் அப்போதுதான் இடம் மாறியது. தம்பி கேட்டதற்கு, "டைரக்டரே தேர்ந்தெடுத்ததா இருக்கட்டும்னாங்க, அடுத்த படமும் எனக்குத்தான்டா, அப்பாவ விட்டுடச் சொல்லு" என்றாயாம். எதை விடுவது? கேட்டது யார் காது, அலைந்தது யார் கால்? பாட்டு தனக்குக் கனவில் வந்ததாக அந்த டைரக்டர் பேப்பரில் சொல்லியிருக்கிறான், அதையும் எழுத்துக்கூட்டிப் படித்துத் தொலைத்தேன். அவன் கனவா போய் அந்த வீட்டு வாசலில் உட்கார்ந்தது?

அடுத்த படத்துக்கு ஒப்புக்கொள்ளும் முன் உன் பெயர் வரும் என்று எழுத்தில் வாங்கு. மாட்டேன் என்றால் பாட்டைக் கொடுக்காதே, வயலினே அழட்டும். வேலை போனால் நம் வீடு எங்கும் போய்விடவில்லை. நாள் முழுதும் ஹெட்போனை மாட்டிக் காதைக் கெடுத்துக்கொள்ளாதே. நீ எல்லா நலமும் பெற்று நீண்ட காலம் வாழவேண்டும். பெயரைப் பெரிய எழுத்தில் போடவேண்டாம் என்று சொல்லிவிடு, திரையில் கொஞ்சம் மெதுவாகப் போனால் போதும்.

ஆசிகளுடன்
உன் அப்பா