வலது கன்னத்துச் சந்தனம்

மயிலாப்பூர்,
8.2.1998

அன்புள்ள ஹம்சா அக்காவுக்கு,

ஜானு அநேக நமஸ்காரம். இங்கே உங்கள் தம்பியும் நானும் சௌக்கியம். என் வலது கன்னமும் சௌக்கியம். அதை நீங்கள் என்றைக்குமே விசாரித்ததில்லை, அதனால் நானே சொல்லிவிடுகிறேன்.

உங்கள் கடிதம் வந்தது. குளியலறையில் வழுக்கி விழுந்ததிலிருந்து இடுப்பு வலி பிராணனை வாங்குகிறது, எக்ஸ்ரேயில் ஒன்றும் தெரியாததால் மாட்டுப்பெண் 'அம்மா வேலைக்குப் பயந்துண்டு நடிக்கறா' என்கிறாள், சாய்நாத்தும் பெண்டாட்டி பேச்சைக் கேட்டுக்கொண்டு வேறு டாக்டரிடம் அழைத்துப்போக மாட்டேன் என்கிறான் என்று எழுதியிருந்தீர்கள். இரண்டு தடவை படித்தேன். பொய் சொல்வானேன், இரண்டாம் தடவை சந்தோஷத்துக்காகப் படித்தேன்.

என் முகவலி ஞாபகம் இருக்கிறதா? ஃபேன் காற்று பட்டாலே வலது பக்கம் ஷாக் அடிக்கும். பல் தேய்க்க முடியாது, மஞ்சள் பூச முடியாது, கஞ்சியைத் தவிர எதுவும் இறங்காது. பாண்டி பஜார் பல் டாக்டர் நல்ல கடைவாய்ப் பல் இரண்டைப் பிடுங்கிப் போட்டார். வலி அசையவில்லை. அப்போதுதான் நீங்கள் உங்கள் தம்பியிடம், 'அவளுக்கு அடுப்பைப் பாத்தாத்தாண்டா வலி வரும், சரியான நாடகக்காரி' என்றீர்கள். அவர் அதை வேதவாக்காக எடுத்துக்கொண்டார். அதற்கப்புறம் எந்த டாக்டரிடமும் என்னை அழைத்துப்போகவில்லை.

அதோடு விட்டீர்களா? சுபாஷிணியின் வளைகாப்பில், அத்தனை மாமிகள் நடுவில், 'இன்னிக்கு இவ குட்டு வெளிப்படட்டும்' என்று சிரித்துக்கொண்டே கிண்ணத்துச் சந்தனத்தை அள்ளி என் வலது கன்னத்தில் அழுத்தித் தடவினீர்கள். நான் அலறிக்கொண்டு வளையல் தட்டின் மேலேயே விழுந்தேன். வளையல் உடைந்தது அபசகுனம் என்று எல்லோரும் என்னையே திட்டினார்கள். 'பெத்த பொண்ணு வளைகாப்புலகூட நடிக்கறாளே, பாவி' என்று நீங்கள் சொன்னது காதில் விழுந்தது. பிள்ளைத்தாச்சிப் பெண் அன்றைக்குச் சாப்பிடாமல் அழுதாள். குழந்தை நல்லபடியாகப் பிறந்தது, பகவான் புண்ணியம்.

கடைசியில் சுபாஷிணிதான் என்னை அடையாறில் ஒரு நர்ஸிங் ஹோமுக்கு இழுத்துக்கொண்டு போனாள். அந்த டாக்டர் ஒரு கேள்வி கேட்பதற்கு முன்னால், நான் முந்தானையால் முகத்தை மூடியிருந்ததைப் பார்த்துவிட்டு, எழுந்துபோய் ஃபேனை நிறுத்தினார். அங்கேயே ஓவென்று அழுதுவிட்டேன்.

மாத்திரை சரிப்படவில்லை. கன்னம் வழியாக நீளமான ஊசியை விட்டு, வலிக்கிற நரம்பை உள்ளேயே சுட்டுவிட்டார்கள். நடுவில் மயக்கத்திலிருந்து என்னை எழுப்பி, 'எங்கே சுருக்னு இருக்கு, சொல்லுங்கோ' என்று கேட்டுக் கேட்டுச் செய்தார். வலி அன்றோடு போயிற்று. கூடவே கன்னமும் மரத்துப் போயிற்று, உணர்ச்சி இனிமேல் திரும்பாதாம். காப்பி மோவாயில் வழிந்தால்கூடத் தெரியவில்லை. பேரன் ஓடிவந்து அந்தப் பக்கம் முத்தம் கொடுக்கிறான், தெரியவில்லை அக்கா. முன்னாடியே வந்திருந்தால் மாத்திரையிலேயே சமாளித்திருக்கலாம் என்றார் டாக்டர். யாரால் வராமல் இருந்தேன் என்று நான் அவரிடம் சொல்லவில்லை. உங்களிடம் சொல்கிறேன்.

அதே டாக்டர் இடுப்பு வலிக்கும்கூட இப்படி நரம்பைச் சுடுகிறார். முதலில் மரத்துப்போக ஒரு ஊசி போட்டுப் பார்ப்பாராம், அதில் வலி அடங்கினால் அப்புறம் சுடுவாராம். உங்களுக்கும் குணமாகலாம். 'மாமி சொன்னா சாய்நாத் கேப்பான், ஒரு வரி எழுதேன்' என்று கெஞ்சியிருக்கிறீர்கள். வாஸ்தவம்தான், கேட்பான். ஆனால் எழுத மாட்டேன், இப்போது எழுத மாட்டேன்.

பங்குனியில் சின்னவள் பத்மஜாவுக்கு வளைகாப்பு. அத்தை நீங்கள் வராமல் எப்படி? வலிக்கு என்றால் அசையாத சாய்நாத் விசேஷத்துக்கு என்றால் அழைத்து வருவான். அதே மாமிகளைத்தான் கூப்பிட்டிருக்கிறேன், ஒருத்தர் விடாமல். சந்தனக் கிண்ணத்தை முதலில் உங்கள் கையில்தான் கொடுப்பேன். என் வலது கன்னத்தில் ஆசைதீரத் தடவுங்கள். நான் கத்த மாட்டேன். தடவிய கையை எடுக்காமல், எல்லோருக்கும் கேட்கிற மாதிரி, 'ஜானு நடிக்கலை' என்று சொல்லுங்கள். அந்த நிமிஷமே சாய்நாத்திடம் நான் பேசுகிறேன்.

அதுவரைக்கும் நாடகக்காரி என்ற பெயரை நீங்கள் வைத்துக்கொள்ளுங்கள். எனக்குப் போதும் போதும் என்றாகிவிட்டது.

அத்தனை தூரம் ரயிலில் உட்கார முடியாது என்று மட்டும் எழுதிவிடாதீர்கள். நான் நம்ப மாட்டேன்.

அத்திம்பேருக்கு நமஸ்காரம். குழந்தைகளுக்கு ஆசீர்வாதம்.

இப்படிக்கு,
ஜானு

பி.கு.: சாய்நாத்தைக் கீழ் பெர்த்தாக வாங்கச் சொல்லுங்கள். இடுப்புக்கு அடியில் ஒரு தலையணை வைத்துக்கொள்ளுங்கள். வந்துவிடுங்கள் அக்கா.