உன் கூரையின் கீழே பாடினார்கள்

சோல்விக், மனிடோபா
18 மார்ச் 1934, ஞாயிறு

அன்புள்ள தோர்லாக்,

நானும் டிசாவும் நலம். அங்கே சுரங்க ஊரில் நீயும் நலமாக இருக்க வேண்டும். டிசாவுக்கு இருமல் நின்றுவிட்டது. முன்பற்கள் இரண்டும் விழுந்துவிட்டன. தெருவில் போகிறவர்களை நிறுத்தி வாயைத் திறந்து காட்டுகிறாள். ஏரியில் இந்தக் குளிர்காலம் மீன் சுமார்தான். என் தம்பி எய்னார் நம் வலைகளையும் சேர்த்து இழுத்துக் கொடுத்தான்.

உன் கடைசிக் கடிதத்தில் இரண்டு வரி இருந்தது. இந்தக் கடிதம் நீளம். சாப்பிட்டுவிட்டு விளக்குப் பக்கத்தில் உட்கார்ந்து படி. பாதியில் மடித்து வைத்துவிடாதே.

முதலில் நான் உன்னிடம் மறைத்ததைச் சொல்லிவிடுகிறேன். பிப்ரவரியில் வாசிப்புச் சங்கம் கூடியது. நீ கட்டிய மண்டபத்தை ஏப்ரலில் பிரித்துவிடுவது, பலகைகளை மீன் கொட்டகைக்குக் கொடுத்துவிடுவது என்று முடிவாயிற்று. தலைவர் கிரீமூர் எழுந்து அதைப் படித்தார், கடையில் சர்க்கரை நிறுக்கும்போது எடை சொல்கிற அதே குரலில். உனக்கு எழுத எனக்குக் கை வரவில்லை.

இரண்டு வருடத்துக்கு முந்தைய அந்த டிசம்பர் மாலையைப் பற்றி நாம் ஒரு வார்த்தைகூடப் பேசிக்கொண்டதில்லை. திறப்பு விழா நாடகம். கூரை வளைந்து இருப்பதைப் பார்த்து எல்லோரும் சிரித்தார்கள். படகு கட்டுகிறவனிடம் மண்டபம் கட்டக் கொடுத்தால் இப்படித்தான் என்றார்கள். ஸ்டேஷன் மாஸ்டர் போத்வார், “கவுந்த படகுக்குள்ள உக்கார்ந்தா பயமே இல்லப்பா, அது ஏற்கெனவே மூழ்கின படகு!” என்று சொல்லி எல்லோரையும் சிரிக்க வைத்தார். இரண்டாம் காட்சியில் தலைக்கு மேலே துப்பாக்கி வெடித்தது போல ஒரு சத்தம். அவ்வளவுதான், மொத்தக் கூட்டமும் வாசலுக்குப் பாய்ந்தது. கிரீமூரின் மனைவி ஹல்லா படியில் விழுந்து இடுப்பெலும்பு முறிந்தது. நீ நடுவில் நின்று, “புது மரம், குளிர்ல சத்தம் போடுது, வேற ஒண்ணுமில்ல!” என்று கத்தினாய். கேட்க ஆளில்லை. மறுநாள் கதவில் பூட்டுத் தொங்கியது. அடுத்த மாதம் நீ ரயில் ஏறினாய்.

அந்த மாலையைப் பற்றி இன்னும் ஒன்று இருக்கிறது. அதைக் கடைசியில் எழுதுகிறேன். இப்போதே எழுதினால் மேலே எழுத முடியாது.

செவ்வாய்க்கிழமை மத்தியானம் வடக்கே போகிற ரயில் வந்து நின்றபோதே பனிக்காற்று தொடங்கிவிட்டது. எதிர்ப் பக்கத்து வேலி தெரியவில்லை. பாதை மூடிவிட்டது, ரயில் நகராது என்று போத்வார் சொன்னார். ரயிலுக்குள் முப்பத்தெட்டுப் பேர் கொண்ட பாட்டுக் குழு ஒன்று இருந்தது. வினிபெக் நகரத்து உக்ரைன்காரர்கள். தையல் வேலைக்காரர்கள், ரொட்டிக் கடைக்காரர்கள், ஒரு மருத்துவச்சி. தங்கள் கவிஞர் ஒருவரின் நினைவு விழாவில் பாடுவதற்காக ரயில் பாதை முடிகிற ஊருக்குப் போய்க்கொண்டிருந்தார்கள். ரயில் பெட்டியில் கரி தீர்ந்துகொண்டிருந்தது.

சொல்ல வெட்கமாக இருக்கிறது, நம் ஊர்க் கதவுகள் உடனே திறக்கவில்லை. நாம் அந்த மக்களோடு பழகியதே இல்லையே. மேற்கே காட்டைத் திருத்திப் பயிர் வைக்கிற உக்ரைன்காரர்கள் கடைக்கு வருவார்கள், சாமான் வாங்குவார்கள், போவார்கள். நம் நாடகத்துக்கு அவர்களை ஒரு நாளும் கூப்பிட்டதில்லை. கிரீமூர் கடையில் ஆண்கள் கூடி, யார் வீட்டில் எத்தனை பேர், இவர்களுக்கு நம் பாஷை தெரியாதே என்று பேசிக்கொண்டே இருந்தார்கள். போத்வார் தொப்பியைக் கழற்றி மேஜைமேல் அடித்தார். “நம்ம அப்பன் பாட்டன் ஐஸ்லாந்துலேர்ந்து வந்த மொத வருஷம் அம்மை கண்டு இங்க கெடந்தப்ப, ஒருத்தரும் உள்ள வராம வெளிய போகாம தெற்கே காவல் போட்டாங்க. செத்தவங்களைப் புதைக்க மண்ணு எளகாம கூரை மேல வச்சிருந்தோம். அதை வருஷா வருஷம் மேடை ஏறிச் சொல்லி அழறோம். இப்ப நாம காவல் போடறோமா?” என்றார்.

 எல்லோரையும் சேர்த்துத் தங்க வைக்க இடம் ஒன்றுதான் இருக்கிறது, பெரிய அடுப்பு உள்ள மண்டபம் என்று நான் சொன்னேன். கிரீமூர் முகம் சிவந்துவிட்டது. “மூணு அடி பனி அந்தக் கூரை மேல நிக்குது, ஸ்வாவா. உன் புருஷன் கட்டுனது ஏற்கெனவே என் பொண்டாட்டிய முடமாக்கிடுச்சு. நாப்பது உசிருக்கு என்னால பதில் சொல்ல முடியாது. சாவி தர மாட்டேன்.”

நான் சண்டை போடவில்லை. வீட்டுக்கு வந்தேன். ஏரியில் பனிக்கட்டி உடைக்கிற உன் கடப்பாறையை எடுத்துக்கொண்டு போனேன். நாலாவது அடியில் பூட்டுத் தெறித்தது. உள்ளே போய் அடுப்பைப் பற்றவைத்து, ஒரு பெஞ்சை நடுவில் இழுத்துப் போட்டேன். அன்றைக்குச் சத்தம் வந்த இடத்துக்கு நேர் கீழே உட்கார்ந்தேன். தைரியம் என்று நினைத்துவிடாதே. பல் கிட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அரை மணி கழித்துப் போத்வார் வந்து பக்கத்தில் உட்கார்ந்தார். “என்னை ஒண்ணும் கேக்காத. தனியா நசுங்கினா உனக்குப் பேச்சுத் துணை இருக்காதேன்னு வந்தேன்” என்றார். இரண்டு பேரும் கூரையைப் பார்த்துக்கொண்டே இன்னும் அரை மணி இருந்தோம். மேலே காற்று ஊளையிட்டது. பலகை ஒன்றுகூட அசையவில்லை. பிறகு அவர் எழுந்து போய் அவர்களைக் கூட்டிக்கொண்டு வந்தார்.

அவர்கள் குழுவுக்குத் தலைவர் ஓனுஃப்ரி. குள்ளமானவர், தையல்காரர், கழுத்தில் அளவு நாடா தொங்கியது. எடுத்து வைக்க மறந்துவிட்டதாம். உள்ளே வந்தவர் கைகளை உதறிச் சூடாக்கிக்கொள்ள ஒரு தட்டுத் தட்டினார். அப்படியே நின்றுவிட்டார். பேசிக்கொண்டிருந்தவர்களைக் கையமர்த்தினார். மறுபடியும் ஒரே ஒரு தட்டு. பிறகு மேலே பார்த்து, ரொம்ப மெதுவாக, ஒரு சுரம் பாடினார்.

தோர்லாக், அதை எப்படி எழுதுவது? அவர் வாயை மூடிய பிறகும் அந்தச் சத்தம் போகவில்லை. கூரை அதை வாங்கி, கொஞ்ச நேரம் வைத்திருந்து, எங்கள் எல்லோர் தோள்மேலும் இறக்கி வைத்தது.

யார் கட்டியது என்று அரைகுறை ஆங்கிலத்தில் கேட்டார். என் கணவர் என்றேன். எங்கே படித்தவர் என்றார். எங்கேயும் இல்லை, படகு கட்டுகிறவர் என்றேன். அவர் சிலுவைக் குறி போட்டுக்கொண்டார். “நான் எங்க நாட்டுல மூணு கோபுரம் வச்ச கோயில்ல பாடியிருக்கேம்மா. அங்கயும் இப்படிக் கேட்டதில்ல. அவரு எங்க? நான் அவரு கையைப் பிடிக்கணும்” என்றார். தூரத்தில் இருக்கிறார் என்று மட்டும் சொன்னேன்.

மறுநாள் அவர்கள் பாடிப் பழகும்போது ஊர் ஒவ்வொருவராக வந்தது. முதலில் வாசலுக்கு வெளியே நின்று கேட்டார்கள். குளிர் தாங்காமல் உள்ளே ஓர் அடி, பிறகு இன்னோர் அடி. பக்கத்து வீட்டு இங்குன் காப்பிப் பானையைத் தூக்கிக்கொண்டு வந்தாள். உலர்ந்த மீனும் வெண்ணெயும் வந்தன. அந்தப் பெண்கள் நம் மாவை வாங்கி, உருளைக்கிழங்கை உள்ளே வைத்துக் கொழுக்கட்டை மாதிரி வேக வைத்துக் கொடுத்தார்கள். டிசா பதினொன்று தின்றாள்.

வெள்ளிக்கிழமை காற்று நின்றது. கண் கூசுகிற வெயில். மத்தியானம் இரண்டு மணிக்குக் கச்சேரி என்று போத்வார் தந்தி அடித்து மேற்கே சொல்லியிருந்தார். அந்தப் பக்கத்து உழவர்கள் பனிச்சறுக்கு வண்டிகளில் குடும்பம் குடும்பமாக வந்து இறங்கினார்கள், குதிரைகளின் மூக்கெல்லாம் பனி. நம் ஊர்க்காரர்கள் வலது பக்கம், அவர்கள் இடது பக்கம். கிரீமூர் வரவில்லை. ஆனால் ஹல்லா வந்தாள். இரண்டு வருடமாக அந்தத் தெருவுக்கே வராதவள், ஊன்றுகோலோடு வந்து முன் வரிசையில் உட்கார்ந்தாள்.

முப்பத்தெட்டுப் பேர் ஒன்றாக வாய் திறந்தார்கள். எனக்கு அந்தப் பாஷையில் ஒரு சொல்கூடத் தெரியாது. தாழ்ந்த குரல்காரர்கள் சுரம் பிடித்தபோது பெஞ்சுப் பலகை வழியாக அது என் முதுகெலும்புக்கு வந்தது. பெண்களின் குரல், படகுக்கு வளைப்பது போல நீ கூரைக்கு வளைத்த ஒவ்வொரு விலாமரத்தின் வழியாகவும் ஏறி, உச்சியில் சந்தித்து, மறுபக்கம் இறங்கியது. கடைசி வரிசையில் கேட்டவர்களும் தங்கள் காதருகே யாரோ பாடினார்கள் என்கிறார்கள். தேவாலயத்தில்கூடக் குறை சொல்லி முணுமுணுத்துக்கொண்டிருக்கிற கிழவர் சிக்ஃபூஸ் தொப்பியைக் கழற்றி நெஞ்சோடு வைத்துக்கொண்டார். டிசா என் கையை இழுத்து, “அம்மா, பலகைக்குள்ள யாரு பாடுறது?” என்றாள்.  நான் பத்து வருடம் உன்னோடு வாழ்ந்திருக்கிறேன். நீ மரத்தைத் தட்டித் தட்டிக் காது கொடுத்துக் கேட்பதை எத்தனை முறை பார்த்துச் சிரித்திருக்கிறேன்! என்ன கேட்டாய் என்று அன்றைக்குத்தான் தெரிந்தது.

மூன்றாவது பாட்டின் நடுவில் அது வந்தது. தலைக்கு மேலே, அதே துப்பாக்கிச் சத்தம்.

பாட்டு நின்றது. நானூறு கண்கள் மேலே போயின. பெஞ்சுகள் நகரத் தொடங்கின. அப்போது ஹல்லா ஊன்றுகோலால் தரையைக் குத்தினாள். எழுந்திருக்கவில்லை, திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. “எல்லாரும் உக்காருங்க! மரம் சோம்பல் முறிக்குது. அன்னிக்கும் அந்த மனுசன் இதத்தான சொன்னான்? என் இடுப்ப ஒடைச்சது கூரையில்ல, நீங்கதான், என்னை மிதிச்சுக்கிட்டு ஓடுனீங்க!” என்றாள். பிறகு ஓனுஃப்ரியைப் பார்த்து, “நீங்க பாடுங்க” என்றாள்.

பாஷை புரியாவிட்டாலும் அவர் புரிந்துகொண்டார். அந்தப் பாட்டை முதலிலிருந்து எடுத்தார். ஒருவரும் எழுந்திருக்கவில்லை. முடிந்தபோது யாரும் கை தட்டவும் இல்லை. தட்டினால் மேலே இருந்த கடைசிச் சுரம் கலைந்துவிடுமே என்று எல்லோரும் மூச்சைப் பிடித்துக்கொண்டிருந்தோம். திரும்பிப் பார்த்தால், வாசலில் மேல்கோட்டோடு கிரீமூர் நின்றுகொண்டிருந்தார். எப்போது வந்தார் என்று தெரியாது.

நேற்றுக் காலை பாதை திறந்து அவர்கள் போய்விட்டார்கள். இன்றைக்குச் சங்கம் கூடியது. கிரீமூர் பதிவேட்டைப் பிரித்து, பிப்ரவரித் தீர்மானத்தின் மேல் தன் கையாலேயே கோடு போட்டார். “எழுதினதும் நான், அடிக்கிறதும் நான்” என்றார்.  பிறகு நம் வீட்டுக்கு வந்தார். பல்லிடுக்கில் சர்க்கரைக் கட்டியை வைத்துக்கொண்டு மூன்று கோப்பை காப்பி குடித்தார், சன்னலையே பார்த்துக்கொண்டிருந்தார். போகும்போது, “அவன் முகவரி குடு” என்றார். கொடுத்தேன். அவருடைய கடிதம் வந்தால், சுருக்கமாக இருக்கிறதே என்று கோபித்துக்கொள்ளாதே. அவருக்கு எழுத வராது.

இப்போது அந்த விஷயம்.

அந்த டிசம்பர் மாலை ஓடியவர்களில் நானும் ஒருத்தி. டிசாவைத் தூக்கிக்கொண்டு ஓடினேன், குழந்தைக்காகத்தான் ஓடினேன் என்று இரண்டு வருடமாக எனக்கு நானே சொல்லிக்கொண்டிருக்கிறேன். ஆனால் அவளை வெளியே இங்குனிடம் கொடுத்த பிறகு நான் உள்ளே திரும்பி வரவில்லை. பனியில் நின்றேன். திறந்திருந்த கதவு வழியாக நீ தெரிந்தாய். வெறும் பெஞ்சுகளுக்கு நடுவில் தனியாக நின்றாய், வாசலில் யாரையோ தேடினாய். என்னைத்தான் தேடினாய் என்று எனக்குத் தெரியும். நீ என்னைப் பார்த்தாயா இல்லையா என்பது மட்டும் தெரியாது. நீ கேட்கவில்லை, நான் சொல்லவில்லை. நீ ஊரை விட்டுப் போனது ஊர் சிரித்ததற்காக என்று எல்லோரும் நினைக்கிறார்கள். நான் அப்படி நினைக்கவில்லை.

வெள்ளிக்கிழமை அந்தச் சத்தம் வந்தபோது என் கால்கள் எழப் பார்த்தன, அதையும் சொல்லிவிடுகிறேன். நான் எழவில்லை. அதனால் அந்த டிசம்பரில் செய்தது இல்லாமல் போய்விடாது.

உன்னிடம் தேதி கேட்கவில்லை. வா என்றுகூட எழுதாமல்தான் இதை முடிக்க நினைத்தேன், முடியவில்லை. வா, தோர்லாக். ரயிலை விட்டு இறங்கி வீட்டுக்கு வராதே. நேரே மண்டபத்துக்குப் போ, கதவைத் திற. நான் உள்ளே உட்கார்ந்திருப்பேன்.

கடவுள் உன் கைகளுக்கு ஒரு குறையும் வராமல் காக்கட்டும்.

என்றும் உன்,
ஸ்வாவா