வெள்ளிக்கிழமை வறுத்த கறி

சேசு மரி சூசை துணை

விழுப்புரம்,
20-11-1938

செல்வ மகள் சவுரியம்மாளுக்கு அப்பா தேவசகாயம் எழுதுவது. இங்கே நான் சுகம், உன் அம்மா முக்கால் சுகம், பங்களூரில் நீ முழுச் சுகமாயிருக்க மாதாவை வேண்டுகிறேன். நர்சுப் பரீட்சையை விட்டுவிட்டு அம்மாவைப் பார்க்க வருவதாக எழுதியிருந்தாய், இதை முழுக்கப் படித்துவிட்டு அப்புறம் பெட்டியைக் கட்டு.

காய்ச்சல் நின்றும் இருபது நாளாக அவள் சாப்பிடவில்லை, கஞ்சி என்றால் குமட்டல், கேப்பைக் கூழை ஏறெடுத்தும் பார்ப்பதில்லை. இப்படியே போனால் தேறுவது கஷ்டம் என்று கம்பவுண்டர் சொல்லிவிட்டார். நேற்று முன்தினம் நான் ரயில்வே டூட்டி முடிந்து வந்ததும், "வாய்க்கு ஒறப்பா எதுனா குடுங்க" என்றாள். விட்டேனா பார், ஓடிப்போய் ஒரு கூறு மாட்டுக்கறியும் கால் வீசை அவரைக்காயும் வாங்கி வந்தேன். எனக்குத் தெரிந்த சமையல் வெந்நீர் வைப்பது ஒன்றுதான். மல்லாட்டை எண்ணெயில் வெங்காயம், மிளகாய்த்தூள், கறி, காய் எல்லாவற்றையும் ஒன்றாகக் கொட்டிக் கிளறினேன். காயும் போட்டாச்சா என்று உள்ளேயிருந்து கேட்டாள். போட்டாச்சு என்றேன். "ஐயோ, கறி வேகறதுக்குள்ள காயி கூழாப் பூடுமே" என்று சுவரைப் பிடித்துக்கொண்டு எழுந்து வந்துவிட்டாள்! இருபது நாளில் முதல் தடவை. எனக்கு அப்போதுதான் உயிர் வந்தது, உள்ளதை எழுதத்தானே வேண்டும். அடுப்பு முன்னால் உட்கார்ந்து காயைப் பொறுக்கித் தட்டில் எடுத்தாள், தண்ணீர் தெளித்துக் கறியை மூடி வேகவைத்தாள், தண்ணீர் சுண்டியதும் காயைத் திரும்பப் போட்டுப் புரட்டினாள். உப்பு பார்த்தது நான், மூன்று தடவை.

அவள் சோறு பிசைந்து சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது பக்கத்து வீட்டுச் செண்பகம் எட்டிப்பார்த்து, "இன்னாண்ணே, வெள்ளிக்கெழமையும் அதுவுமா கறி வாசன தூக்குது" என்றாள். டூட்டி மாறி மாறி வந்ததில் எனக்குக் கிழமையே தவறிப் போயிருந்தது. மாமிசம் தொடக்கூடாத சுத்தபோசன நாளில் வேதக்காரன் வீட்டில் கறி! உன் அம்மா ஒரு நிமிஷம் கையை நிறுத்தினாள், பிறகு "வாங்கியாந்தவங்களுக்குத்தான் பாவம், இன்னும் ரெண்டு துண்டு வைங்க" என்றாள். நேற்றுப் பாவசங்கீர்த்தனம் செய்தேன். நோயாளிக்குத் தடையில்லையாம், உப்பு பார்த்தவனுக்கு மட்டும் ஐம்பத்துமூன்று மணிச் செபம் என்றார் சாமியார்.

இன்று காலை பூசைக்கு நானும் வருகிறேன் என்றாள், நான்தான் விடவில்லை. ஆகையால் நீ புறப்படாதே, பரீட்சையை எழுது. பனிக்குத் தலையில் துணி கட்டிக்கொள், ஆஸ்பத்திரியில் நின்றபடியே சாப்பிடாதே. ஆண்டவர் உனக்குத் துணையிருப்பார், அம்மாவின் ஆசீர்வாதமும் உண்டு.

மறந்துவிட்டேன். காகிதம் வீணாகக் கூடாதென்று இந்த இரண்டாம் தாளைத் தந்திக்கு எழுதி வைத்திருந்த காகிதத்தில் எழுதியிருக்கிறேன். பின்பக்கம் "உடனே வா" என்றிருக்கும். வியாழக்கிழமை எழுதியது. கோடு போட்டு அடித்துவிட்டேன், அதைப் படிக்காதே.

இப்படிக்கு,
உன் அப்பா,
தேவசகாயம்