சூலா பள்ளத்தாக்கில் இரண்டு வெள்ளம்

நேற்று கம்பெனியில் என் செக்கிங் டேபிளின் மேல் ஒரு டீ-ஷர்ட்டைக் கொண்டுவந்து வைத்தார்கள். சரக்கு வாங்கும் வெளிநாட்டு பையர் மாதிரிக்கு அனுப்பியது. இதே சிவப்பு வேண்டும், துணி இதே மாதிரி மெத்தென்று இருக்க வேண்டும் என்று கேட்டிருக்கிறார்களாம். பழக்கத்தில் கழுத்து லேபிளைத் திருப்பிப் பார்த்தேன். ஹோண்டுராஸில் தைத்தது என்று இருந்தது. பெருமாநல்லூரில் அந்த ஹாலில் இருந்த மற்றவர்களுக்கு அது ஏதோ ஒரு நாட்டின் பெயர். எனக்கு, என் வீட்டுக்காரரான நீங்கள் மூன்று வருடம் துணிக்குச் சாயம் போட்ட ஊர். யாரும் பார்க்காதபோது துணியை மூக்கருகே கொண்டுபோனேன். உங்கள் பெட்டியைத் திறந்தால் வருமே, அந்த வாசம்தான்.

நீங்கள் போய் இரண்டு வருடமாகிறது. இந்தக் கடிதத்தை எங்கே போடுவது என்று தெரியாது. எழுதாமலும் இருக்க முடியவில்லை.

டையிங் மாஸ்டர் வேலைக்கு அங்கே கூப்பிடுகிறார்கள் என்று நீங்கள் சொன்ன அன்று, நானும் நம் மகள் மதுவும் அவளுடைய பள்ளி அட்லஸை விரித்துத் தேடினோம். வட அமெரிக்காவுக்கும் தென் அமெரிக்காவுக்கும் நடுவில் இடுப்புப் போல ஒடுங்கிக் கிடந்த நிலத்தில், விரல் நுனியால் மூடிவிடக்கூடிய ஒரு நாடு. ஒரு பக்கம் கரீபியன் கடல், அதில் சிதறிக் கிடந்த தீவுகள். இவ்வளவு தண்ணீருக்கு நடுவிலா போகப்போகிறீர்கள் என்று கேட்டேன். "போயிட்டுச் சொல்றேன் கண்ணு" என்றீர்கள்.

சொல்லவும் செய்தீர்கள். உங்களுக்குச் சாயங்காலம் ஆகும்போது எனக்கு விடிந்துகொண்டிருக்கும். நான் காபி போட்டு, குடித்து, டம்ளரைக் கழுவி வைக்கும் வரை பேசுவீர்கள். சாப்பாடு, உடம்பு எல்லாம் இரண்டு வார்த்தையில் முடிந்துவிடும். மிச்சமெல்லாம் அந்த மண்ணின் கதை. நீங்கள் நின்று வேலை செய்த இடம் முன்பு வாழைத்தோட்டமாம். அமெரிக்க வாழைக் கம்பெனிகள் காட்டை அழித்து, ரயில் பாதை போட்டு, துறைமுகத்தைக் கையில் வைத்துக்கொண்டு, அரசாங்கத்தையே ஆட்டிவைத்தார்களாம். பிறகு தோட்டத் தொழிலாளிகள் ஒன்றுசேர்ந்து வேலைநிறுத்தம் செய்தார்களாம்; அதற்கப்புறம்தான் தொழிலாளர் சட்டம் என்று ஒன்று வந்ததாம். அந்தத் தட்டை நிலத்தில்தான் இப்போது டீ-ஷர்ட் கம்பெனிகள். "நம்ம சரக்கு அமெரிக்கா போய்ச் சேர்றதுக்குள்ள இவங்க துணியப் போட்டுத் தொவச்சே முடிச்சிருப்பாங்க" என்று சிரிப்பீர்கள்.

அந்த ஊர்ப் பணத்தின் பெயர் லெம்பீரா. ஸ்பெயின்காரர்களை மலையில் நின்று எதிர்த்த ஒரு பழங்குடித் தலைவரின் பெயராம் அது. பேச்சுவார்த்தை என்று கூப்பிட்டுச் சுட்டுவிட்டார்கள் என்று அங்கே கதை சொல்கிறார்களாம். "நம்ம ஓடாநிலைக் கோட்டைக் கதையாட்டமே இருக்குது. அவரையும் வெள்ளைக்காரன் வஞ்சகமாத்தான புடிச்சான்" என்றீர்கள். ஹோண்டுராஸ் என்ற சொல்லுக்கே ஆழங்கள் என்று பொருள் என்றும் சொன்னீர்கள். "பேரு ஆழம். நாடு பூரா மலை. அத்தனை மலைத்தண்ணியும் கடைசீல எங்க பள்ளத்துக்குத்தான் வரோணும்." அதை நீங்கள் வேடிக்கையாகத்தான் சொன்னீர்கள்.

நோய் பரவிய அந்த வருடம், ஊருக்கு வர விமானம் கிடைக்காமல் நீங்கள் அங்கேயே மாட்டிக்கொண்டிருந்தபோது, முதல் புயல் வந்தது. நிகரகுவா கரையில் ஏறி, மலைகளுக்குள் புகுந்து, நகராமல் நின்று பெய்தது. நீங்கள் இருந்த சூலா பள்ளத்தாக்கின் இரண்டு ஆறுகளும் கரையை உடைத்தன. தண்ணீர் படியேறுகிறது என்று ஒரு செய்தி அனுப்பினீர்கள். அதற்குப் பிறகு ஒன்றுமில்லை.

அந்த நாட்களை நான் எப்படிக் கழித்தேன் என்று உங்களிடம் முழுதாகச் சொன்னதில்லை. அடுப்புப் பற்றவைக்கத் தோன்றவில்லை. மது அவளுடைய போனில் அந்த ஊர்ச் செய்திகளைப் பார்த்தபடியே இருந்தாள். கூரைகளின் மேல் நின்று மனிதர்கள் கையாட்டினார்கள். ஒவ்வொரு கூரையிலும் உங்களைத் தேடினோம். விமான நிலையமே ஏரியாகிக் கிடந்தது. வெள்ளகோவிலில் இருந்து உங்கள் அக்கா வந்து, வாசலைப் பார்த்தபடி உட்கார்ந்துவிட்டார். நீங்கள் வாசல் வழியாகவா வரப்போகிறீர்கள் என்று அவரிடம் கேட்க எனக்கு மனம் வரவில்லை.

பிறகு தெரியாத எண்ணில் இருந்து அழைப்பு வந்தது. "இருக்கறேன் கண்ணு" என்று உங்கள் குரல். மதுதான் போனை வாங்கிப் பேசினாள். குடியிருப்பின் மொட்டை மாடியில் இரண்டு இரவு நனைந்தபடி கிடந்திருக்கிறீர்கள். படகில் வந்தவர்கள் இறக்கிக் கரை சேர்த்திருக்கிறார்கள். உங்கள் சாயச் சோதனை லேபில் வேலை பார்த்த மார்த்தா, தன் அண்ணனின் லாரியில் உங்களை மேற்கே மலைமேல் இருந்த தன் அப்பா வீட்டுக்கே கூட்டிப் போயிருக்கிறாள். காபித் தோட்டம், குளிர், கம்பளி. "பாறை மேல கட்டுன ஊடு. ஒண்ணும் ஆகாது" என்றீர்கள். அன்று நான் வயிறாரச் சாப்பிட்டேன்.

ஒரு வாரத்துக்குள் நீங்கள் கீழே இறங்கக் கிளம்பினீர்கள். தண்ணீர் வடிகிறது, மேனேஜர் கூப்பிடுகிறார், மெசினுக்குள் சேறு காய்ந்துவிட்டால் பிறகு ஒன்றுக்கும் ஆகாது என்றீர்கள். போகாவிட்டால் வேலை போய்விடும் என்ற பயமும் இருந்தது. அந்நிய நாட்டில், திரும்பி வர வழியில்லாத நேரத்தில், வேலையும் போனால் எங்கே நிற்பீர்கள் என்று எனக்கும் கலக்கம்தான். ஆனால் அன்று காலையில்தான் மது போனில் வரைபடத்தைக் காட்டியிருந்தாள். கரீபியன் கடலில் இன்னொரு சுழி. முதல் புயல் வந்த அதே வழியில், அதே நிகரகுவா கரையை நோக்கி.

போகாதீங்க என்றேன். வானம் வெளுத்துக் கிடக்கிறது என்றீர்கள். வந்தாலும் நிகரகுவாவோடு போய்விடும் என்று எல்லோரும் சொல்வதாகவும் சொன்னீர்கள்.

"ஏனுங்க, நான் தாராபுரத்துல பொறந்தவ. ஊருல ஒரு சொட்டு மழை இல்லாதப்ப அமராவதி ரெண்டு கரையும் தொட்டு ஓடி நான் பாத்திருக்கறேன். மழை உங்க தலை மேல பெய்யோணும்னு இல்லீங்க. மலைல பெஞ்சாப் போதும். அந்தத் தண்ணி எங்க வரும்னு நீங்கதான எனக்குச் சொன்னீங்க?"

போனைக் கையில் வைத்தபடியே யாரிடமோ அரைகுறை ஸ்பானிஷில் பேசினீர்கள். மார்த்தாவின் அப்பாவிடம் என்று பின்னால் தெரிந்தது. அந்தப் பெரியவரும் போகாதே என்றுதான் சொல்லிக்கொண்டிருந்தாராம். உங்களுக்கு அவர் பேச்சு பாதிதான் புரிந்ததாம்.

"சரி கண்ணு. போகலை" என்றீர்கள்.

இரண்டாவது புயல் அப்படியேதான் வந்தது. பாதி வடிந்திருந்த பள்ளத்தாக்கு மறுபடி நிறைந்தது. சேறு அள்ளப் போனவர்கள் கம்பெனியின் மேல்மாடியில் மாட்டிக்கொண்டு, படகு வரும் வரை காத்திருந்தார்கள். நல்லவேளையாக உங்கள் கம்பெனியில் எல்லோரும் பிழைத்தார்கள். நீங்கள் மலைமேல் மார்த்தாவின் அப்பாவோடு சோளம் உரித்துக்கொண்டிருந்தீர்கள். பயந்தபடி வேலையும் போகவில்லை. மேனேஜரே கூப்பிட்டு, நீங்கள் வராதது நல்லதாகப் போயிற்று, டையிங் தெரிந்தவர்களில் சோர்ந்துபோகாமல் நீங்களாவது எனக்கு மிஞ்சினீர்கள் என்றாராம்.

மறு வருடம் வெயில் தொடங்கும்போது வீடு வந்து சேர்ந்தீர்கள். கோயம்புத்தூர் விமான நிலையத்தில் உங்களைப் பார்த்தபோது, இளைத்துக் கறுத்திருந்தீர்கள். கார் திருப்பூர் வந்து சேரும் வரை என் கையை விடவில்லை. டிரைவர் கண்ணாடியில் பார்க்கிறார் என்று நான் இழுத்தும் விடவில்லை.

அதன்பின் உங்களுக்குக் கிடைத்தது சில வருடங்கள்தான். ஆனாலும் அவை எங்களோடு கிடைத்தன. ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, காபி குடித்துவிட்டு, கொஞ்சம் படுக்கிறேன் என்று நம் கட்டிலில் படுத்தீர்கள். எழவில்லை. அழாமல் இல்லை, இன்னும் அழுகிறேன். ஆனால் அந்தக் கூரைகள் நினைவுக்கு வரும்போதெல்லாம் நெஞ்சு தானாக ஆறிவிடுகிறது. எந்தத் தண்ணீரும் உங்களைக் கொண்டுபோகவில்லை. உங்கள் தலைமாட்டில் நான் இருந்தேன். மது செய்தி அனுப்பியபோது, மார்த்தா தங்கள் மலையூர் மாதா கோயிலில் உங்களுக்காக மெழுகுவத்தி ஏற்றியதைப் படம் எடுத்து அனுப்பினாள். அவள் அப்பா தொப்பியைக் கழற்றி மார்பில் வைத்துக்கொண்டு நின்றார்.

இப்போது மதுவுக்குச் சென்னையில் வேலை கிடைத்திருக்கிறது. சொந்தக்காரர்கள் எல்லோரும் சம்பளம் எவ்வளவு என்று கேட்டார்கள். நான் மட்டும் ஆறு எந்தப் பக்கம், ஏரி எந்தப் பக்கம் என்று கேட்டேன். ஏரியைத் தூர்த்துக் கட்டிய இடம் வேண்டாம், தரைத்தளம் வேண்டாம் என்று அவளை விடவில்லை. தொந்தரவு தாங்காமல் சிரித்தாள். சரி சரி என்றாள்.

போன வாரம் அறை பார்க்கப் போனவள் அங்கிருந்து கூப்பிட்டாள். வாடகை, தோழிகள், சாப்பாடு என்று எதையும் சொல்லவில்லை. நான் வாயைத் திறப்பதற்கு முன்னாலேயே சொன்னாள்: "அம்மா, மேடுதான். மழைக்காலத்துல தண்ணி எதுவரைக்கும் வந்துச்சுன்னு தெருக்காரங்ககிட்டக் கேட்டுட்டேன். இங்க ஏறலையாம்."

போனை வைத்துவிட்டு, அன்று நன்றாகத் தூங்கினேன்.