மூன்றாம் பத்தியில் ஆறு பன்றிகள்

மார்ச் 4, செவ்வாய்

பல்கலைக்கழக ஆராய்ச்சி மடலுக்கு இரண்டு கட்டுரைகள் முடித்தேன். முதலாவது உறுப்பு மாற்று: பழுதென்று ஒதுக்கப்படும் சிறுநீரகங்களை இயந்திரத்தில் பொருத்தி, ரத்தம் ஓடவிட்டு, மறுபடி வேலை செய்ய வைத்திருக்கிறார்கள். ஆறு பன்றிகளில். இரண்டாவது குறைக்கடத்தி: கொதிக்கும் சூட்டிலும் மின்சாரம் கசியாத மெல்லிய படலம். இயற்பியல் பேராசிரியை மூன்று முறை விளக்கியும் பாதிதான் புரிந்தது. எழுதியதென்னவோ முழுதாக.

சாயங்காலம் அண்ணி போன் செய்தார். எல்லாப் பரிசோதனையும் ஒத்துப்போய்விட்டதாம். ஏப்ரல் 9 அன்று தன் சிறுநீரகம் ஒன்றை அண்ணனுக்குக் கொடுக்கிறார். ஒன்றரை வருட டயாலிசிஸுக்கு முடிவு. "நான் படுத்தா உங்க அண்ணன் சமைப்பாருன்னு பாத்தேன். அவரும் கூடவே படுத்துக்கறாரே!" சிரிக்கிறார். நான் நாள்காட்டியில் அந்தத் தேதியை வட்டமிட்டேன்.

மார்ச் 14, வெள்ளி

மடல் வெளியானது. ஆசிரியர் தலைப்பை மாற்றியிருக்கிறார்: 'ஒதுக்கப்பட்ட சிறுநீரகங்களுக்கு மறுவாழ்வு'. பொய் இல்லை. பன்றிகள் மூன்றாம் பத்தியில்.

மார்ச் 18, செவ்வாய்

டயாலிசிஸ் நாள்களில் அண்ணனுக்குப் பேசவே தெம்பிருக்காது. இன்று அவனே அழைத்தான்.

"குட்டி, ஆபரேஷன் வேண்டாம்னு சொல்லிட்டேன். நல்லாயிருக்கற உடம்ப எதுக்குக் கிழிக்கணும்? அஞ்சு வருஷத்துல எல்லாருக்கும் கெடைக்கும்னு நீதானே எழுதியிருக்க?"

"எதிர்பார்க்கலாம்னு ஆராய்ச்சி பண்ண டாக்டர் சொன்னாரு. அது பன்றிண்ணா!"

"பன்றிக்கு நடந்தா மனுஷனுக்கும் நடக்கும்."

அண்ணியைக் கத்தியிலிருந்து காப்பாற்ற அவனுக்கு ஒரு சாக்கு தேவைப்பட்டிருக்கிறது. அதை நான் அச்சடித்துக் கொடுத்திருக்கிறேன்.

மார்ச் 23, ஞாயிறு

அண்ணன் வீட்டுக்குப் போனேன். வாசலிலேயே அண்ணி கையைப் பிடித்துக்கொண்டார். "நீ எழுதினத நீயே தப்புன்னு சொல்லேன். நான் சொன்னா காதுலயே போட்டுக்க மாட்டேங்கறாரு."

சொன்னேன். ஆறில் இரண்டு பன்றிகள் பத்து நாள்கூடத் தாங்கவில்லை என்றேன். அண்ணன் மடலை விரித்தான். வரிக்கு வரி பென்சில் கோடு.

"அது ஏன் இதுல இல்ல?"

இடம் போதவில்லை.

"சரி, இதுல எது பொய்? காட்டு."

முழுதும் படித்தேன். எதுவும் பொய் இல்லை.

ஏப்ரல் 3, வியாழன்

பேராசிரியை நேரில் வந்தார். குறைக்கடத்திக் கட்டுரைக்கு மறுப்பு போட வேண்டுமாம். "நாங்க அளந்தது அந்தப் படலத்தோட குணமே இல்லம்மா. அளக்கறதுக்கு ஒட்டின கம்பி சரியா ஒட்டல. என் மாணவி திரும்ப அளந்து கண்டுபிடிச்சா." இரண்டு வருட உழைப்பு. முகம் வெளிறியிருந்தது. அவரே வாக்கியங்களைச் சொன்னார், நான் தட்டினேன். நான்கு வரி. தீர்ந்தது.

எனக்குப் பொறாமையாக இருந்தது. இப்படியும் ஒரு பொறாமை உண்டா?

அவர் போனதும் மடல் ஆசிரியரிடம் கேட்டேன், சிறுநீரகக் கட்டுரைக்கும் ஒரு திருத்தம் போடலாமா என்று. "எதத் திருத்தறது? எல்லாம் சரியாத்தானே இருக்கு?"

ஏப்ரல் 9, புதன்

இன்று நடந்திருக்க வேண்டியது.

ஏப்ரல் 24, வியாழன்

ஆராய்ச்சி செய்த டாக்டரையே அண்ணனிடம் பேச வைத்தேன். அரை மணி நேரம் பொறுமையாகப் பேசினார் — காத்திருக்காதீர்கள், இது கைக்கு வர இன்னும் எவ்வளவோ இருக்கிறது, ஆனால் நம்பிக்கை இருக்கிறது என்று. போனை வைத்ததும் அண்ணன் சொன்னான்: "பாத்தியா, டாக்டரே நம்பிக்கை இருக்குன்னு சொல்லிட்டாரு."

அண்ணி எழுந்து உள்ளே போய்விட்டார்.

ஜூன் 5, வியாழன்

அண்ணனுக்கு மூச்சுத்திணறல். நுரையீரலில் நீர். தீவிர சிகிச்சை.

ஐயோ, என்ன பண்ணி வச்சிருக்கேன் நான்? நானா பண்ணேன்? அவன் பிடிவாதமா? யாரப் போய்த் திட்டறது?

ஜூன் 11, புதன்

கண் விழித்தவன் அண்ணியிடம், "சரி, குடு," என்றானாம். அண்ணி அழுதுகொண்டே சொன்னார்.

மதியம் இதய மருத்துவர் வந்தார். இதயம் பலவீனமாகிவிட்டது, மயக்க மருந்தையே தாங்காது. ஆறு மாதம் கழித்துப் பார்க்கலாம் என்றார்.

பார்க்கலாம். எத்தனை கட்டுரைகளை இந்தச் சொல்லில் முடித்திருக்கிறேன்! அதைக் கேட்டுக்கொண்டு நிற்பது எப்படி இருக்கும் என்று இன்றுதான் தெரிந்தது.

ஜூலை 8, செவ்வாய்

அண்ணிக்கு வேலை நேரம் மாறிவிட்டது. இனிச் செவ்வாயும் சனியும் அண்ணனை டயாலிசிஸுக்கு நான்தான் கூட்டிப்போகிறேன். செவிலி ஊசியைப் பொருத்திவிட்டுப் போனதும் பக்கத்துக் கட்டில்காரர் பேச்சுக் கொடுத்தார்.

"தங்கச்சியா? என்ன வேலை பாக்கறாங்க?"

நான் வாய் திறப்பதற்குள் அண்ணன் முந்திக்கொண்டான், கண்ணைத் திறக்காமலே.

"ஏதோ ஆபீஸ் வேலைங்க."

நானும் தலையாட்டினேன். அவன் போர்வை நழுவியிருந்தது. பாதம்வரை இழுத்துவிட்டேன்.