ஏழு கோல் வாங்கிய நாள்

இன்று காலை ஊர்காவற்றுறைப் பேருந்தில் எனக்குப் பக்கத்தில் வந்து இருந்தவர் முழங்காலுக்கு நோவெண்ணெய் பூசியிருந்தார். அந்த மணத்தில் நான் எங்கள் ஊரான சுருவிலில் இறங்க மறந்து, அடுத்த தரிப்பிடத்திலிருந்து நடந்து வந்தேன். நீர் கண்ணை மூடி இரண்டு வருடமாகிறது. ஆனாலும் வழி முழுக்க நீர்தான் பேசிக்கொண்டு வந்தீர்.

எங்கள் அப்பாமார் தொழிலுக்குப் போகாத ஞாயிறுகளில், பூசை முடிந்த கையோடு, மாதா கோயிலுக்குப் பின்னாலிருந்த முட்பற்றைகளை வெட்டித் தொடங்கியது எங்கள் உதைபந்தாட்டக் கழகம். அவர்களுக்குப் பிறகு நாங்கள் ஆடினோம். நீர் இடது பக்கம், நான் வலது பக்கம். நீர் பந்தோடு கிளம்பினால் கோட்டுக்கு வெளியே நிற்கும் பெண்கள்கூடக் கூவுவார்கள். பிறகு சண்டை வந்தது. வள்ளங்களில் தீவை விட்டு வெளிக்கிட்டோம். எல்லாரும் உடுப்பும் நகையும் எடுத்தார்கள். உம்முடைய மனைவி உம்மோடு ஒரு கிழமை பேசாமல் இருந்ததற்குக் காரணம், நீர் உடுப்புப் பையை விட்டுவிட்டுக் கழகத்தின் பதிவுப் புத்தகத்தை எடுத்து வந்ததுதான்.

பல வருடம் கழித்துத் திரும்பி வந்தபோது வீடுகளுக்குக் கூரை இல்லை. மைதானத்தில் ஆளுயரத்துக்குப் பற்றை. எங்களோடு ஆடியவர்களில் பாதிப் பேர் கனடாவிலும் பிரான்சிலும். சிலர் எங்குமே இல்லை. அந்த நேரம் பார்த்துத்தான் லீக்கிலிருந்து கடிதம் வந்தது. அந்தப் பருவத்தின் முதல் ஆட்டத்துக்குப் பதினொரு பேரை இறக்காவிட்டால், கழகத்தின் பெயரைப் பதிவிலிருந்து வெட்டிவிடுவார்களாம்.

“விடும் காணும். வீட்டுக்கு ஓடு போடவே வழியில்லை. ஆரைக் கொண்டு விளையாடுறது?” என்றேன்.

நீர் கடிதத்தை இன்னொரு தடவை வாசித்தீர். “பதினொரு பேர் நிக்கவேணும் எண்டுதான் கிடக்கு. வெல்லவேணும் எண்டு ஒரு இடத்திலையும் இல்லையே” என்றீர்.

மறுநாளே சைக்கிளை எடுத்துக்கொண்டு ஆள் தேடப் போனீர். எங்கள் ஊரிலேயே எட்டுப் பேர் தேறினார்கள். அதில் ஒருவரான உமக்கே நாற்பத்தாறு வயது. மடத்துவெளியில் மருமகனாகிப் போன ஒருவரை மாமியாரிடம் கேட்டுக் கூட்டி வந்தீர். நயினாதீவுக்கு வள்ளம் ஏறிப் போய், பள்ளிக்கூடத்தில் எங்களோடு படித்து இப்போது கோயிலில் பூசை செய்கிற ஐயரையும் கேட்டீர். “மத்தியானப் பூசை முடிச்சுத்தான் வர ஏலும். ஆனால் வருவன்” என்றாராம். பதினோராவது ஆள் கிடைக்கவில்லை. கடைசியில் என் வீட்டுக்கு வந்து கதிரையை இழுத்துப் போட்டு இருந்தீர்.

“என்ரை முழங்கால் தெரியுந்தானே? எனக்கு ஓட ஏலாது” என்றேன்.

“ஓடத்தானே ஏலாது? நிக்க ஏலும். கோலுக்கை நில்லும்.”

ஆட்டத்தன்று, நாங்கள் பற்றை வெட்டித் துப்புரவாக்கிய மைதானத்தில், ஒவ்வொருவரின் காலையும் உம்முடைய மடியில் வைத்து நோவெண்ணெய் தேய்த்துவிட்டீர். எதிரணியில் எல்லாரும் எங்கள் பாதி வயதுக்காரர். எங்களில் நாலு பேருக்குச் சப்பாத்து இல்லை. ஐயரையும் காணவில்லை. நடுவர் மணிக்கூட்டைப் பார்த்து, “பத்து நிமிசம் பொறுப்பன். அதுக்கு மேலே ஏலாது” என்றார். நீர், நயினாதீவு வள்ளம் வந்து சேரும் குறிகட்டுவான் பக்கத்துத் தெருவையே பார்த்துக்கொண்டு நின்றீர்.

சைக்கிள் ஒன்று புழுதி கிளப்பிக்கொண்டு வந்தது. குடுமியை இறுக்கி முடிந்து, நெற்றியில் திருநீறு வியர்வையில் கரைய, ஐயர் இறங்கி ஓடி வந்தார். “கடல் கொஞ்சம் அடிச்சுப்போட்டுது” என்று சொல்லிக்கொண்டே சட்டையை மாற்றினார். நீர் நடுவரிடம் போய், “எண்ணிப் பாருங்கோ” என்றீர்.

ஏழு கோல் வாங்கினேன். ஒன்று என் காலுக்கு நடுவால் போனது. முதல் பாதியில் சனம் சிரித்தது. இரண்டாம் பாதியில் தசை பிடித்து நீர் விழுந்தீர். வெளியே தூக்கிப் போக வந்தவர்களைக் கையெடுத்துத் தடுத்தீர். “பதினொரு பேரா முடிக்கவேணும்” என்று சொல்லி எழும்பி, நொண்டி நொண்டி மைதானத்தின் நடுவில் நின்றீர். அதற்குப் பிறகு ஒருவரும் சிரிக்கவில்லை. கடைசி விசில் ஊதியபோது, எங்களை வென்ற பெடியன்கள் வரிசையாக வந்து உம்முடைய கையைப் பிடித்தார்கள். நீரோ என்னைக் கட்டிப்பிடித்து, கிண்ணத்தை வென்றவர் போல அழுதீர்.

பெயர் தப்பியது. அடுத்த பருவத்தில் திரும்பி வந்த குடும்பங்களின் பிள்ளைகள் சேர்ந்தார்கள். சில வருடங்களில் அதே அணியை அதே மைதானத்தில் வென்றோம். நீர் கோட்டுக்கு வெளியே நின்று தொண்டை கட்டக் கத்தினீர். இப்போது எங்களிடம் பெண்கள் அணியும் இருக்கிறது. கழகத்தின் செயலாளர் உம்முடைய மூத்த மகள்தான். தெரிந்தால் எப்படித் துள்ளியிருப்பீர்!

தரிப்பிடத்தைத் தவறவிட்டு, அடுத்ததிலிருந்து நான் நடந்து போனது கழகத்தின் புதுக் கட்டடத்துக்குத்தான். உள்சுவரில் கழகத்தின் வரலாற்றை எழுதுகிறார்கள். வென்ற கிண்ணங்கள் எல்லாம் வரிசையாக வந்துவிட்டன. அந்த ஆட்டத்தை மட்டும் காணவில்லை. சுவரில் எழுதிக்கொண்டிருந்த உம்முடைய மகளிடம் ஏன் என்று கேட்டேன்.

“தோத்த ஆட்டத்தையும் எழுதவோ மாமா?”

“அதைத்தான் பெரிசா எழுதவேணும் பிள்ளை.”

“ஏழு கோல் எண்டதையுமோ?”

“ஓம். கோலுக்கை நிண்டவன்ரை பேரையும் போடு.”

அவள் கதிரையில் ஏறிப் பதினொரு பெயரையும் எழுதினாள், உம்முடையதை முதலாவதாக. நான் இந்த ஊரில் மரக்கறிக் கூட்டுறவுச் சங்கத்தில், சண்டைக்கு முன்னும் பின்னுமாக, முப்பது வருடம் வேலை செய்தேன், மூன்று பிள்ளைகளை வளர்த்தேன். இருந்தும், ஆராவது என்னைக் கேட்டால் நெஞ்சை நிமிர்த்திச் சொல்ல என்னிடம் இருப்பது நீர் தந்த அந்த ஏழு கோல்தான்.