அம்மா நாரை பின்னால் வரும்

பிப்ரவரி 4

என் குண்டூசிக்கு,

பாட்டி எழுதுகிறேன். இங்கே எல்லாரும் சாப்பிட்டு, தூங்கி, எழுந்து, சண்டை போட்டுக்கொண்டு நன்றாகத்தான் இருக்கிறோம். நீ எப்படி இருக்கிறாய் என்பதைப் பக்கம் நிறைய எழுது. ஃபோனில் உன் குரல் மட்டும்தான் எனக்குக் கேட்கிறது, சொல் கேட்பதில்லை.

முதலில் நம் வீட்டுப் பிள்ளைகள் சங்கதி. உன் பெரிய மாமா மகன் நெட்டையன் ஆஸ்பத்திரியில் தலைமை நர்ஸ் ஆகிவிட்டான். அவனுக்குக் கீழே பதினோரு பேர். வீட்டில் மட்டும் அவன் துணியை இன்னும் நான்தான் மடிக்கிறேன். அவன் தங்கை மூன்றாவது தடவையில் ஓட்டுநர் தேர்வில் தேறி, பேருந்தே ஓட்டப் போகிறாள். சின்ன மாமாவின் வாண்டு பதினாறாம் வாய்ப்பாட்டை மூச்சு விடாமல் சொல்லி, கடைசியில் மயங்கி விழப் பார்த்தது. எல்லாருக்கும் மேலே நீ! "என் பேத்தி வரைஞ்சா அது ஆடும், பாடும், பறக்கும்" என்று பல் டாக்டரிடம் வாயைத் திறந்து வைத்துக்கொண்டே சொன்னேன். அவருக்குப் புரிந்ததோ என்னவோ, தலையாட்டினார்.

அதுவும் எந்தக் கதை! உனக்கு ஆறு வயதில் நான் வாசித்துக் காட்டிய அதே நாரைக் கதை. அதைப் பாட்டு நிறைந்த கார்ட்டூன் படமாக எடுக்கிறார்கள், கடைசிப் பாட்டுக்கு நாரைக் கூட்டத்தை வரைவது நீதான் என்று உன் அம்மா சொன்னதிலிருந்து எனக்குத் தரையில் கால் பாவவில்லை.

அந்தப் புத்தகத்தைப் பற்றி உன்னிடம் ஒன்று சொல்ல வேண்டும். தலைபோகிற விஷயம் இல்லை. அடுத்த கடிதத்தில் எழுதுகிறேன். வெளியே துணி காய்கிறது, மழை வரும் போல இருக்கிறது.

உன் பாட்டி


பிப்ரவரி 20

பாட்டிக்கு,

நீங்கள் சொல்ல நினைத்ததை நேற்று நானே தெரிந்துகொண்டேன். நாற்பது பேர் முன்னால்.

இங்கே ஒவ்வொரு குழுவுக்கும் அதன் பகுதியை மட்டும்தான் விளக்கிச் சொல்வார்கள். எங்களுக்கு வந்தது நாரைக் கூட்டம் ஏரியில் இறங்கும் பாட்டு. "புத்தகம் படிச்சிருக்கியாம்மா?" என்று கேட்டார்கள். "மனப்பாடம்" என்றேன். முழுத் திரைக்கதையைப் பிரித்துக்கூடப் பார்க்கவில்லை. ஐந்து வாரம் உட்கார்ந்து கூட்டம் கூட்டமாக நாரை வரைந்தேன். நடுவில் அம்மா நாரையை நிறுத்தினேன். இடது சிறகில் புத்தகத்தில் இருக்கும் அதே கறுப்புத் திட்டு. குட்டி ஓடிப்போய் அந்தச் சிறகுக்குள் நுழைந்துகொள்ளும். அதுதானே கதை?

திரையில் போட்டதும் இயக்குநர் பாட்டைப் பாதியில் நிறுத்தச் சொன்னார். "ஏங்க, ஏழாம் அத்தியாயத்துல செத்துப்போன அம்மாவ இங்க உயிரோட எழுப்பினது யாரு?" என்றார். அறையே சிரித்தது. "அது சாகல. பாறையில இளைப்பாறிட்டுப் பின்னால வரும்" என்று நான் சண்டைக்குப் போனேன் பாட்டி. சத்தமாக. உடனே சிரிப்பு நின்றுவிட்டது. சிரித்ததைவிட அது மோசமாக இருந்தது.

மத்தியானம் புதுப் புத்தகம் ஒன்று வாங்கி, கடைப் படிக்கட்டிலேயே உட்கார்ந்து ஏழாம் அத்தியாயத்தைப் படித்தேன். அப்புறம் அம்மாவைக் கூப்பிட்டேன். அம்மா எல்லாவற்றையும் சொல்லிவிட்டாள். எனக்கு ஆறு வயதில் அம்மா மூன்று மாதம் ஆஸ்பத்திரியில் இருந்தது கால் வலிக்காக இல்லையாம். பிழைப்பது கஷ்டம் என்று டாக்டர்கள் சொல்லிவிட்டார்களாம்.

அம்மாவைப் பார்க்க வேண்டும் என்று நான் ஒரு நாள்கூட அழவில்லை, ஞாபகம் இருக்கிறதா? அம்மா நாரை வந்துவிட்டது, அம்மாவும் வந்துவிடுவாள் என்று சமர்த்தாக உட்கார்ந்திருந்தேன். அவள் வராமல் போயிருந்தால்? கடைசியாக ஒரு தடவை முகத்தைக்கூடப் பார்க்க விடாமல் என்னைக் கதை கேட்க வைத்திருப்பீர்களே.

எனக்கு வேலை இருக்கிறதா இல்லையா என்று திங்கட்கிழமை தெரியும். வேறு எழுதத் தோன்றவில்லை.

பேத்தி


பிப்ரவரி 27

என் கண்ணுக்கு,

உன் கடிதத்தை மூன்று தடவை விரல் வைத்து வாசித்தேன். மூன்றாவது தடவையும் அதேதான் எழுதியிருந்தது.

நடந்ததை அப்படியே எழுதுகிறேன். உன் அம்மா ஆஸ்பத்திரியில் கிடந்த நாளில், சாயங்காலமானால் நீ அந்தப் புத்தகத்தைத் தூக்கிக்கொண்டு வந்து நிற்பாய். எனக்குத் திடுமென்று எடுத்து வாசிக்க வராது. நீ பள்ளிக்கூடம் போனதும் அன்றைய பகுதியை ஒத்திகை பார்த்து வைத்துக்கொள்வேன். அப்படிப் பார்த்தபோதுதான் கதையில் புயல் வந்தது, அம்மா நாரை கலங்கரை விளக்கத்தில் மோதிப் பாறையில் விழுந்தது. அதற்கு மேல் அது எழுந்திருக்கவே இல்லை.

படித்தவர்களாக இருந்தால் அந்த இடத்தைத் தாண்டி வாசித்திருப்பார்கள். நான் அஞ்சாங்கிளாஸ். விரல் எந்த எழுத்தில் நிற்கிறதோ அதுதான் வாயில் வரும். தாண்டத் தெரியாது. அதனால் மாவு காய்ச்சிப் பசை எடுத்து, அந்த நாலு தாளையும் ஒன்றாக ஒட்டி, மேலே இஸ்திரிப் பெட்டியை ஏற்றி வைத்தேன்.

சாயங்காலம் நீ தடவிப் பார்த்தாய். "பாட்டி, இந்தத் தாள் மட்டும் ஏன் இவ்ளோ தடியா இருக்கு?"

"நனைஞ்சு காஞ்ச தாளுடி. அப்படித்தான் இருக்கும்."

"அம்மா நாரை எங்க போச்சு?"

"அதுக்குக் கால் வலி. பாறையில இளைப்பாறிட்டுப் பின்னால வரும்."

"நம்ம அம்மா மாதிரியா?"

"ஆமா" என்றேன். அந்த ஒரு 'ஆமா'வை நீ இத்தனை வருடம் பத்திரமாக வைத்திருந்திருக்கிறாய். கடைசி அத்தியாயம் வந்தபோது, ஏரிக் கரையில் அம்மா நாரை வந்து சேர்ந்ததாக நானே இரண்டு வரி சேர்த்துக்கொண்டேன்.

உனக்காக ஒட்டினேன் என்றுதான் எல்லாரிடமும் சொல்லிக்கொண்டிருந்தேன். அது முழு உண்மை இல்லை. உனக்கு அவள் அம்மா, எனக்கு அவள் பிள்ளை. அந்தப் பக்கத்தை வாய்விட்டு வாசிக்க எனக்குத் தைரியம் இல்லை. பயந்துபோய்த்தான் ஒட்டினேன்.

அவள் வராமல் போயிருந்தால் என்று கேட்டாய். அவள் வந்துவிட்டாள், நான் தப்பித்தேன், அவ்வளவுதான். உன்னை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போயிருக்க வேண்டும். தப்புதான்.

வேண்டுமானால் உன் இயக்குநருக்கு நானே எழுதுகிறேன். பிழை பிள்ளை மேல் இல்லை, வாசித்தவள் மேல் என்று.

உன் பாட்டி


மார்ச் 19

குண்டூசிக்கு,

தபால்காரரை வாசலிலேயே நிறுத்தி நிறுத்திக் கேட்டதில், அவர் இப்போதெல்லாம் எதிர்ப் பக்கமாகப் போகிறார். உன் அம்மாவைக் கேட்டால், "வேலை போகலம்மா, அவளே எழுதுவா, விடு" என்கிறாள். வேலை போகவில்லை என்றதும் பாதி மூச்சு வந்தது. மீதி மூச்சு உன்னிடம் இருக்கிறது.

பழைய புத்தகத்தை இத்துடன் அனுப்புகிறேன். ஒட்டியது ஒட்டியபடியே இருக்கிறது. பிரிப்பதும் எரிப்பதும் உன் இஷ்டம். வேளைக்குச் சாப்பிடு.

பாட்டி


ஏப்ரல் 2

அன்புள்ள பாட்டிக்கு,

புத்தகம் வந்தது. கெண்டியில் தண்ணீர் கொதிக்க வைத்து, ஆவியில் காட்டி ஒரு மூலையைப் பிரித்தேன். அரைகுறையாக ஒரு வரி தெரிந்தது. என்னால் அதற்கு மேல் முடியவில்லை. கடைப் பசை வாங்கி மறுபடியும் ஒட்டிவிட்டேன். உங்கள் பசை சரியில்லை பாட்டி, பூச்சி அரித்திருக்கிறது.

ஒட்டிய தாளை இயக்குநரிடம் காட்டி எல்லாவற்றையும் சொன்னேன். அவர் அதைக் கட்டைவிரலால் நெருடிப் பார்த்தார். அப்புறம் சொன்னார்: "அம்மா நாரைய எடுத்துடணும். புத்தகத்த மாத்த முடியாது. ஆனா தண்ணில இறங்குறதுக்கு முன்னால குட்டி ஒரு தடவ திரும்பிப் பாக்கட்டும். அது எவ்ளோ நேரம்னு நீயே முடிவு பண்ணு. அதுவரைக்கும் பாட்டு காத்திருக்கும்." எல்லா நாரைகளையும் வரைந்தபோது பட்டதைவிட அந்த ஒரு பார்வைக்கு அதிகம் பாடுபட்டேன்.

கோபம் முழுசாகப் போய்விட்டது என்று எழுதினால் பொய். ஆனால் நீங்கள் பயந்தீர்கள் என்று எழுதினீர்களே, அதைப் படித்ததும் உங்களைக் கட்டிக்கொள்ள வேண்டும் போல இருந்தது. பாட்டிக்குப் பயம் என்று ஒன்று இருக்கும் என்பதே எனக்குத் தெரியாது.

ஒரே ஒரு நிபந்தனை. இனி வீட்டில் யாருக்கு உடம்பு சரியில்லை என்றாலும் முதலில் எனக்குச் சொல்ல வேண்டும். சத்தியம் செய்து எழுதுங்கள்.

உங்கள் குண்டூசி


ஜூன் 8

என் தங்கக் குண்டூசிக்கு,

போன வருடம் ஏப்ரலில் சத்தியம் செய்து கொடுத்ததிலிருந்து இன்று வரை சொன்ன சொல் தவறாமல் எழுதி வருகிறேன். இந்த வாரக் கணக்கு: எனக்கு வலது முழங்கால் வீக்கம், நாலு நாளாக. உன் அம்மாவுக்குச் சளி. நெட்டையன் ஊசி போடப் போய்த் தன் விரலிலேயே குத்திக்கொண்டான், வெளியே சொல்ல வேண்டாம் என்றான், சொல்லிவிட்டேன். வாண்டுக்குப் பல் ஆடுகிறது.

நேற்று உன் படத்துக்குப் போனோம். பேருந்தை ஓட்டியது நெட்டையன் தங்கை, அதனால் ஓட்டுநர் சீட்டுக்குப் பின்னாலேயே ராணி மாதிரி உட்கார்ந்து போனேன். ஏழாம் அத்தியாயம் வந்தபோது நான் கண்ணை மூடவில்லை. உன் அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டாள். அவள் கை சளிக் காய்ச்சலில் வெதுவெதுவென்று இருந்தது.

கடைசிப் பாட்டில் குட்டி நாரை இறங்குவதற்கு முன்னால் திரும்பிப் பார்த்தது. பாட்டு நின்றது. எங்கோ ஒரு குழந்தை, "யாரத் தேடுது?" என்று கேட்டது. நானும் திரும்பிப் பார்த்தேன். பக்கத்து நாற்காலியில் உன் அம்மா கைக்குட்டையால் மூக்குக் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தாள். "என்னம்மா என்னப் பாக்குற? படத்தப் பாரு" என்றாள். குட்டி தண்ணீரில் இறங்கியது, பாட்டு மறுபடி எழும்பியது. இத்தனை வருடமாக நெஞ்சில் இருந்த இஸ்திரிப் பெட்டியை யாரோ தூக்கிக் கீழே வைத்த மாதிரி இருந்தது.

கடைசியில் பெயர்கள் மேலே ஓடின. எனக்கு விரல் வைத்தால்தானே வாசிக்க வரும்? "இதோ, இதோ அவ பேரு!" என்று உன் அம்மா கத்துவதற்குள் ஓடிப் போய்விட்டது. பெயர்தான் ஓடுகிறது, சுவரில் மாட்டிய முகம் ஓடாது.

கூடத்தில் இத்தனை நாள் மாட்டியிருந்தது உன் ஆறு வயதுப் படம். முன்பல் இல்லாமல், அந்தப் புத்தகத்தைக் கட்டிக்கொண்டு நிற்பாயே, அது. ஆஸ்பத்திரியில் உன் அம்மா தலையணைக்கடியில் வைத்திருந்தது. அவள் வீட்டுக்கு வந்த அன்றைக்கு ஆணி அடித்து மாட்டினோம். அதை இனி அவளே வைத்துக்கொள்ளட்டும் என்று இன்று காலையில் கழற்றிக் கொடுத்துவிட்டேன். ஆணி காலியாக இருக்கிறது. நீ வரையும் மேஜை பக்கத்தில் நின்று, பல் தெரியச் சிரித்து, புதுப் படம் ஒன்று எடுத்துத் தபாலில் அனுப்பு.

உன் பாட்டி